சவரியாயி ஊற்றிய பன்னீர்

எங்கள் மேற்றிராசனத்தின் வரலாற்று மலர் ஒன்று அச்சாகப் போகிறதாம். சனங்கள் பிஷப் என்று சொல்லும் மேற்றிராணியார்களில் முதலாமவர் தொடங்கி இன்று இருப்பவர் வரை ஒவ்வொருவருக்கும் முழுப்பக்கப் படம். யார் எந்த வருஷம் பட்டம் பெற்றார், எந்தக் கோயிலுக்கு அடிக்கல் வைத்தார், எல்லாம் வருமாம். "தங்கள் தோட்டத்துக்கு மேற்றிராணியார் வருகை தந்த வரலாற்றைச் சுருக்கமாக எழுதி அனுப்பவும்" என்று மலர்க் குழு எனக்குக் கடிதம் போட்டிருக்கிறது. சுருக்கமாக என்ற சொல்லுக்கு அடியில் கோடு வேறு.

மேற்றிராணியார் எங்கள் தோட்டத்துக்கு வந்தது ஒரே ஒரு தடவை, 1956 பெப்ரவரியில். காலை ஒன்பது மணிக்கு வந்தார், பின்னேரம் நாலு மணிக்குப் போனார். அந்த ஏழு மணி நேரத்தை உள்ளபடி எழுத வேண்டுமென்றால் நான் பிள்ளைமடுவத்து ஆயா சவரியாயியைப் பற்றித்தான் எழுத வேண்டும். அவளுடைய படம் எங்கேயும் இல்லை. வெட்டுவதென்றால் குழு மொத்தமாக வெட்டிக்கொள்ளட்டும், பாதியில் வெட்ட வேண்டாம்.

மஸ்கெலியாவுக்கு மேலே நாலு மைல் ஏறினால் எங்கள் தேயிலைத் தோட்டம். முந்நூறு குடும்பத்தில் வேதக்காரர்கள் என்கிற கிறிஸ்தவர்கள் நாற்பது குடும்பம்தான். நான் 1949இல் தோட்டத்துப் பள்ளிக்கூடத்துக்கு வாத்தியாராக வந்தபோது சவரியாயிக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். திருச்சிப் பக்கத்திலிருந்து கைக்குழந்தையாகக் கப்பலேறி வந்தவள். புருஷன் இன்னாசி கொழுந்து அரைக்கும் ஸ்டோரில் வேலை செய்து நெஞ்சு நோயில் செத்துப்போனான். தாய்மார் மலைக்குப் போகும்போது பிள்ளைகளை இவளிடம் விட்டுவிட்டுப் போவார்கள். முப்பது பிள்ளைகளைத் தனி ஆளாக மேய்ப்பாள். பிரசவம் என்றாலும் இவளைத்தான் கூப்பிடுவார்கள். வாய் கொஞ்சம் நீளம். வேலையை மேற்பார்க்கும் கண்டாக்கையாவையே "என்னங்க, நேத்து ராத்திரி தூங்கலையா, மூஞ்சி இப்படி இருக்கு?" என்று வழியில் நிறுத்திக் கேட்கிறவள்.

பங்குச் சாமியார் இரண்டு மாதத்துக்கு ஒருமுறைதான் பூசைக்கு வருவார். பிறந்த குழந்தை சாகக் கிடந்தால் யார் ஞானஸ்நானம் கொடுப்பது? ஆபத்து நேரத்தில் யார் வேண்டுமானாலும் தலையில் தண்ணீர் ஊற்றி, செபத்தைச் சொல்லிக் கொடுக்கலாம் என்பது திருச்சபைச் சட்டம். சாமியார் அதைச் சவரியாயிக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார். அவள் கையால் ஞானஸ்நானம் பெற்றுப் பிழைத்த பிள்ளைகள் ஒன்பது. செத்துப்போனவை பதினேழு. அந்தப் பதினேழு பெயர்களையும் அவள் சொல்லச் சொல்ல நான் கோயில் கொப்பியில் எழுதி வைத்திருந்தேன். அவளுக்கு எழுதத் தெரியாது, ஆனால் ஒரு பெயர் பிசகாது.

பதினேழில் முதலாவது அவளுடைய சொந்தப் பிள்ளை, சந்தியாகு. 1938இல் பிறந்து ஒரு பகல் மட்டும் இருந்தான். பதினான்காவது என்னுடைய மகள்.

1951 ஆடி மாதம், விடாத மழை. குழந்தை நீலம் பாரித்துப் பிறந்தது. அழவேயில்லை. சவரியாயி அதை மடியில் போட்டு மதலேன் என்று பெயரிட்டு ஞானஸ்நானம் கொடுத்தாள். கேத்தலில் தண்ணீர் கொதிக்கிற நேரம்கூட இருக்கவில்லை, போய்விட்டது. நான் வாசலில் நின்று அழுதேன். அவள் வெளியே வந்து என் தோளைத் தட்டினாள்.

"அழுவாதீங்க வாத்தியாரே. புள்ளைய வெறுங்கையோடவா அனுப்புனேன்? சம்மனசாக்கி அனுப்பியிருக்கேன். மோட்சத்துல உங்களுக்கு ஆளு இருக்கு இப்ப."

பிள்ளை தேவதூதராகிவிட்டது என்ற இந்த வார்த்தையை அவள் எல்லாத் தாய்மாருக்கும் சொல்வாள். நாங்கள் நம்பினோம். நம்பாமல் எப்படி இருப்பது? 1948இல் சட்டம் போட்டு, கப்பலேறி வந்த தோட்டச் சனம் என்று எங்களை நாடில்லாதவர்களாக்கினார்கள். பாட்டன் எப்போது வந்தான், தகப்பன் எங்கே பிறந்தான் என்று பிரஜாவுரிமைக் கந்தோரில் அதிகாரிகள் கேட்கிற கேள்விக்குக் காட்ட எங்களிடம் ஒரு துண்டுக் காகிதம் இல்லை. சவரியாயியின் மனுவையும் நிராகரித்தார்கள். அவள் அசரவில்லை. "இங்க பதியாட்டி போறாங்க. மோட்சத்துல என் புள்ளைங்க பதினேழு பேரும் பதிஞ்சிருக்கு" என்று சிரித்தாள்.

மேற்றிராணியார் வரப்போகிறார் என்றதும் தோட்டமே அமர்க்களப்பட்டது. கோயிலுக்குச் சுண்ணாம்பு அடித்தோம். மாவிலைக்கு ஹட்டன் வரை ஆள் போனது. துரை லொறி கொடுத்தார். காளியம்மன் கோயில் தப்புக்காரர்கள் தாங்களாகவே வந்து "பெரிய சாமி எங்களுக்கும் பெரிய சாமிதானுங்களே" என்று முன்னால் அடித்துக்கொண்டு போனார்கள். மேற்றிராணியாருக்குத் தமிழ் வராது. ஹட்டன் மிஷன் பள்ளியில் இங்கிலீஷ் படித்தவன் என்பதால் என்னை மொழிபெயர்க்க வைத்தார்கள். அந்த வேலையை ஏன் ஒத்துக்கொண்டேன் என்று இன்றைக்கும் என்னை நானே திட்டிக்கொள்கிறேன்.

காலையில் இருபத்திரண்டு பிள்ளைகளுக்கு உறுதிபூசுதல் நடந்தது. தைலம் பூசிய பிறகு மேற்றிராணியார் கன்னத்தில் மெதுவாக ஓர் அறை கொடுப்பார், விசுவாசத்துக்காக அடி வாங்கவும் தயாராக இருக்க வேண்டும் என்பதற்கு அடையாளமாக. ஒரு பயல் திருப்பி அடிக்கக் கை ஓங்கினான். மேற்றிராணியாரே சிரித்துவிட்டார். நல்ல மனுஷன்தான். அவர் மேல் எனக்குக் குறையில்லை.

சாப்பாடு முடிந்ததும் பங்குச் சாமியார் பெருமையோடு சவரியாயியை முன்னால் தள்ளினார். "ஆபத்து ஞானஸ்நானம் எல்லாம் இந்த அம்மாதான்" என்றார். மேற்றிராணியார் மகிழ்ந்துபோய் ஒரு செபமாலையை மந்திரித்துக் கொடுத்தார். பிறகு என்னைப் பார்த்து, "எப்படிக் கொடுக்கிறார் என்று செய்து காட்டச் சொல்லுங்கள்" என்றார். விசாரணைக்கு வரும் மேற்றிராணியார் இப்படிக் கேட்பது வழக்கம்தான்.

சவரியாயிக்கு அன்று தலைகால் புரியவில்லை. "ஒரு நிமிசங்க பெரிய சாமி" என்று தன் லயத்து வீட்டுக்கு ஓடினாள். வெள்ளைத் துணியில் சுற்றிய ஒரு போத்தலோடு திரும்பி வந்தாள். முந்தானையைச் சுருட்டிக் குழந்தைபோல் மடியில் வைத்துக்கொண்டாள். போத்தலைத் திறந்து மூன்று தரம் சிலுவை அடையாளமாக ஊற்றினாள். "பிதா சுதன் இஸ்பிரீத்து சாந்துவின் பேரால் நான் உனக்கு ஞானஸ்நானம் கொடுக்கிறேன்." ஒரு சொல் பிழையில்லை. கோயில் முழுக்கக் கல்யாண வீட்டு வாசனை அடித்தது.

மேற்றிராணியாரின் முகத்தில் இருந்த சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது. "அது என்ன?" என்றார்.

நான் கேட்டேன். அவள் முகம் மலர்ந்து சொன்னாள். "பன்னீருங்க. மலையிலேருந்து வர்ற பீலித் தண்ணியில எல்லாரும் காலு கழுவுறாங்க, மாட்டுச் சாணியும் அதுலதான் வருது. ஆண்டவரு புள்ளைக்கு அதையா ஊத்துறது? மொதப் புள்ளைக்கு, என் சந்தியாகுக்கு, துரைசானி கிறிஸ்மஸ்ஸுக்குக் குடுத்த சீமைப் பன்னீர் வச்சிருந்தேன், சீல்கூட ஒடைக்காதது. அத முழுசா அவன் தலையிலயே ஊத்திட்டேன். அன்னையிலேருந்து எல்லாப் புள்ளைக்கும் பன்னீருதான். மத்ததுங்களுக்கு மஸ்கெலியாவுல செல்லசாமி மொதலாளி கடையில வாங்குறேன்."

நான் இங்கிலீஷில் சொன்னேன். பங்குச் சாமியார் நாற்காலியைப் பிடித்துக்கொண்டார்.

"ஒருமுறையாவது வெறும் தண்ணீரில் கொடுத்திருக்கிறாரா?"

"நான் ஏங்க அப்புடிச் செய்யப் போறேன்?"

 மேற்றிராணியார் என்னிடம் மெல்லிய குரலில் விளக்கினார். ஞானஸ்நானத்துக்கு இயற்கையான தண்ணீர் வேண்டும். ஆற்றுத் தண்ணீர், கிணற்றுத் தண்ணீர், மழைத் தண்ணீர், அழுக்காக இருந்தாலும் செல்லும். பூவிலிருந்து வடித்த பன்னீர் தண்ணீர் அல்ல. அதில் கொடுத்தது ஞானஸ்நானமே அல்ல.

இதை நான் தமிழில் சொல்ல வேண்டும். என் வாயால் சொல்ல வேண்டும். பதினான்காவது பெயர் என் மகளுடையது.  "என்ன சொல்றாரு பெரிய சாமி?" என்று சவரியாயி இன்னும் சிரித்த முகத்தோடு கேட்டாள். நான் சொன்னேன்.

அவளுக்குப் புரியவில்லை. இரண்டாம் முறை சொன்னேன். அவள் கையில் இருந்த போத்தலைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். பின்னால் நின்ற பெண்களுக்கு அவளுக்கு முன்னமே புரிந்துவிட்டது. இரண்டு பிள்ளைகளைப் பறிகொடுத்த ஞானப்பூ தலையில் அடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

உயிரோடு இருந்த ஒன்பது பேருக்குப் பரிகாரம் சுலபமாக இருந்தது. மேற்றிராணியாரே பீலித் தண்ணீரைக் கொண்டுவரச் சொல்லி அங்கேயே ஞானஸ்நானம் கொடுத்தார். ஞானஸ்நானம் இல்லாதவனுக்கு உறுதிபூசுதலும் செல்லாது என்பதால் அவர்களில் நாலு பேருக்கு அதையும் மறுபடி கொடுத்தார். ஒரே நாளில் மேற்றிராணியாரிடம் இரண்டு அறை வாங்கியவர்கள் எங்கள் தோட்டத்துப் பிள்ளைகளாகத்தான் இருக்கும். அன்றைக்கு அதற்கு யாரும் சிரிக்கவில்லை.

செத்தவர்களுக்கு என்ன செய்வது? ஞானஸ்நானம் இல்லாமல் செத்த சிசுக்கள் நரகத்துக்குப் போகாது, மோட்சத்துக்கும் போகாது, லிம்போ என்ற இடத்தில் இருக்கும் என்று எங்களுக்குப் படிப்பித்திருந்தார்கள். அங்கே நோவு இல்லை, அழுகை இல்லை. ஆனால் ஆண்டவரைக் காண முடியாது. மோட்சத்துக்குப் போகும் தாய் தகப்பனும் அங்கே வர மாட்டார்கள்.

"ஆண்டவருடைய இரக்கத்தில் ஒப்படைப்போம்" என்றார் மேற்றிராணியார்.

சவரியாயி முழங்காலில் நின்றபடியே கேட்டாள். "இரக்கம் இருக்கட்டுங்க சாமி. என் புள்ளைங்க இப்ப எங்க இருக்கு?"

நான் கேட்டேன்.  அவர் ஏதோ நினைவு வந்தவராக நிமிர்ந்தார். "பன்னீரில் அவர் தண்ணீர் கலந்தாரா என்று கேளுங்கள். தண்ணீர் நிறையவும் பன்னீர் கொஞ்சமும் என்றால் அது தண்ணீர்தான். எல்லாம் செல்லும்."

எனக்கு உயிர் வந்தது. அவசரமாகக் கேட்டேன். அவளுக்கு ரோசம் பொத்துக்கொண்டு வந்தது. "கலப்படமா? நானா? ஆண்டவர் காரியத்துலயா? ஒரு சொட்டுத் தண்ணி கலந்ததில்ல வாத்தியாரே!"

நாலு மணிக்கு மேற்றிராணியாரின் கார் இறங்கிப் போனது. தப்பு அடிக்க யாரும் இல்லை.

மறுநாள் காலை ஞானப்பூ பிள்ளைமடுவத்துக்கு வந்து தன் கடைக்குட்டியைத் தூக்கிக்கொண்டாள். "என் புள்ளைய நீ தொடாத" என்று மட்டும் சொன்னாள். அவளுக்குப் பின்னால் இன்னும் ஐந்தாறு பேர். என் மனைவி அருளாயி யாரையும் ஏசவில்லை. ஐந்து வருஷமாகக் குடும்பச் செபத்தின் முடிவில் "எங்கள் சம்மனசே மதலேன், எங்களுக்காக வேண்டிக்கொள்" என்று ஒரு வரி சொல்லி வந்தாள். அந்த வரி வரும் இடத்தில் நிறுத்தி, செபமாலையை மடித்து வைத்துவிட்டாள். சவரியாயி வாசலுக்கு வந்தபோது கதவைச் சாத்தினாள். நானும் திறக்கவில்லை. எனக்கும் கோபம்தான். யார் மேல் என்று தெரியாத கோபம், அதனால் கைக்கெட்டியவள் மேல்.

நாலாம் நாள் தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தேன். பால் கலந்தும் நிறம் மாறவில்லை. "செல்லசாமி கடைப் பால்மா. இதுலயும் என்னத்தயோ கலந்துட்டான்" என்று அருளாயி முணுமுணுத்தாள்.

கோப்பையை அப்படியே வைத்துவிட்டு எழுந்தேன். செல்லசாமி! மிளகாய்த் தூளில் செங்கல்தூள், மண்ணெண்ணெயில் தண்ணீர், மஸ்கெலியாவில் யாருக்குத் தெரியாது? சவரியாயியின் லயத்துக் காம்பராவுக்கு ஓடினேன். அவள் நாலு நாளாகத் தலை வாரவில்லை. விஷயத்தைச் சொன்னதும் என்னை முந்திக்கொண்டு இறங்க ஆரம்பித்தாள்.

கடையில் நல்ல கூட்டம். செல்லசாமி விபூதிப் பட்டையும் பொன் மோதிரமுமாகத் தராசடியில் இருந்தான்.

"மொதலாளி, உங்க பன்னீர்ல தண்ணி கலந்திருக்கா?" என்று எடுத்த எடுப்பில் கேட்டாள் சவரியாயி.

 அவன் முகம் கறுத்தது. "யாரு சொன்னா? ஆயம்மா, இந்தக் கடை எங்கப்பா காலத்துக் கடை. கோயில் அபிசேகத்துக்கே என்கிட்டத்தான் வாங்குறாங்க. அசல் பன்னீரு, சுத்தமான பன்னீரு!"

"கொஞ்சமாவது கலந்திருப்பீங்க, நல்லா யோசிச்சுப் பாருங்க."

"ஒரு சொட்டுக் கெடையாது!"

அவன் சுத்தம் சுத்தம் என்று சொல்லச் சொல்ல அவள் குறுகிக்கொண்டே போனாள். இப்படி ஒரு வழக்கை நான் பார்த்ததில்லை. கள்ளன் நான் யோக்கியன் என்று கத்துகிறான், ஏமாந்தவள் நீ கள்ளனாக இருக்கக்கூடாதா என்று கெஞ்சுகிறாள். கூட்டத்துக்கு முன்னால் விட்டுக்கொடுக்க முடியாமல் அவன் ஒரு கட்டிக் கற்பூரத்தைத் தட்டில் வைத்தான். "இந்தா, அடிச்சுச் சத்தியம் பண்றேன்" என்று நெருப்புப் பெட்டியை எடுத்தான்.

சவரியாயி அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். "பண்ணாதய்யா! நீ அதுல சத்தியம் பண்ணிட்டா என் புள்ளைங்களுக்கு வழியே இல்லாமப் போயிரும்." அவளுக்கு உதடு கோணிக்கொண்டது. செத்த பிள்ளைகள், மேற்றிராணியார், லிம்போ என்று எல்லாவற்றையும் தட்டுத்தடுமாறிச் சொல்லி முடித்தாள். அவனுக்குப் பாதிதான் விளங்கியிருக்கும். ஆனால் சிசுக்கள் என்பது விளங்கியது. தீக்குச்சி கையில் இருந்தது, உரசவில்லை.

"எல்லாரும் கொஞ்சம் வெளிய போங்க" என்றான்.

கூட்டம் போனதும் எங்களைப் பின்கட்டுக்குக் கூட்டிப் போனான். பைப்புக்கு அடியில் ஒரு பெரிய தகரம், நிறையத் தண்ணீர். மேலே தட்டில் கட்டைவிரல் உயரத்தில் ஒரு சின்னச் சீசா.

"ஒரு போத்தல் தண்ணிக்கு இதுல பத்துச் சொட்டு" என்றான் தலையைக் குனிந்துகொண்டு. "மணத்துக்கு."

"எத்தன காலமா?" என்றேன்.

"எங்கப்பா காலத்துலேருந்தே அப்புடித்தான் மாஸ்டர். அசல் பன்னீரு இந்தக் கடைக்குள்ள வந்ததே கெடையாது."

 சவரியாயி பொத்தென்று அவன் காலில் விழுந்தாள். "ஐயோ, என்ன இது, எந்திரி ஆயம்மா!" என்று அவன் பதறிப் பின்வாங்கித் தகரத்தில் இடித்துக்கொண்டான். "நல்லா இருப்பய்யா, நீ நல்லா இருப்ப" என்று அவள் அழுதாள். அவன் கண்ணும் கலங்கியது. திருடியதற்காக அவனை வாழ்த்தியவர்கள் அதற்கு முன்னும் பின்னும் இருந்திருக்க மாட்டார்கள்.

மேற்றிராணியாருக்கு அத்தாட்சி வேண்டும். அங்கேயே ஒரு மூட்டை மேல் காகிதத்தை வைத்து எழுதினேன். செல்லசாமி தயங்கித் தயங்கிக் கையெழுத்துப் போடச் சம்மதித்தான். "சவரியாயி இந்தக் கடையில் வாங்கிய நீரால் ஞானஸ்நானம் பெற்று இறந்த குழந்தைகள் பதினேழு பேர்" என்று வாசித்துக் காட்டினேன்.

சவரியாயி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "பதினாறுன்னு எழுதுங்க வாத்தியாரே."

"பதினேழுதானே?" என்றேன். கொப்பி எனக்கு மனப்பாடம்.

அவள் என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். அப்போதுதான் எனக்கு உறைத்தது. துரைசானி கொடுத்த போத்தல். சீல் உடைக்காத சீமைப் பன்னீர். அதில் பத்துச் சொட்டுக் கணக்கெல்லாம் கிடையாது. அசல்.

 பதினேழு என்பதை அடித்து, பதினாறு என்று திருத்தினேன். செல்லசாமி கையெழுத்துப் போட்டான். அவனுக்கு ஒன்றும் தெரியாது.

ஒரு மாதத்தில் பதில் வந்தது. "அது தண்ணீரே. பதினாறு குழந்தைகளின் ஞானஸ்நானமும் செல்லும்" என்று மேற்றிராணியார் தம் கையாலேயே எழுதியிருந்தார். பங்குச் சாமியார் பூசையில் பதினாறு பெயர்களையும் வாசித்தார். ஞானப்பூ பெண்கள் பக்கத்திலிருந்து ஓடி வந்து சவரியாயியைக் கட்டிக்கொண்டாள். அன்று அருளாயி விட்ட இடத்திலிருந்து அந்த வரியைத் தொடங்கினாள். பெயர்ப் பட்டியலில் ஒன்று குறைந்ததை ஒருவரும் கவனிக்கவில்லை. ஒவ்வொரு தாயும் தன் பிள்ளையின் பெயருக்குத்தான் காது கொடுத்திருந்தாள். சவரியாயியும் மற்றவர்களோடு சேர்ந்து சிரித்தாள். அன்றுமுதல் பீலித் தண்ணீரில்தான் ஞானஸ்நானம் கொடுத்தாள். சந்தியாகுவைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை. என்ன பேசுவது?

1963இல் அவளுக்கு நெஞ்சில் சளி கட்டியது. சாமியார் வந்து சாகிறவர்களுக்கான அவஸ்தைப்பூசுதல் கொடுத்துவிட்டுப் போன பிறகு என்னை மட்டும் இருக்கச் சொன்னாள்.

"வாத்தியாரே, மத்த புள்ளைங்களுக்கு அம்மா அப்பா போவாங்க. பாத்துக்குவாங்க. சந்தியாகு அங்க தனியா இருப்பான். பொறந்து ஒரு பகலு. யாரையும் தெரியாது அவனுக்கு." மூச்சு வாங்கியது. "நான் மோட்சத்துக்குத்தான் போவேன்னு சாமியாரு சொல்றாரு. சரி, போறேன். ஆனா அங்கேருந்து அவன் இருக்குற எடத்துக்கு ஒருநாள் போயிப் பாத்துட்டு வர விடுவாங்களா? பாஸ் ஏதும் குடுப்பாங்களா? மேற்றிராணியாரக் கேட்டு எழுதுங்க."

எழுதுகிறேன் என்றேன். இரண்டு நாளில் போய்விட்டாள். சந்தியாகுவின் குழிக்குப் பக்கத்தில் புதைத்தோம்.

எழுதவில்லை. வருஷம் இரண்டாகிறது. இப்போது பூசையே தமிழில் வந்துவிட்டது, உரோமையில் பெரிய சங்கம் கூடி எதையெதையோ மாற்றுகிறார்கள் என்று பத்திரிகையில் படிக்கிறேன். இதைக் கேட்க மட்டும் எனக்குக் கை வரவில்லை. இந்த மலரை மேற்றிராணியார் இங்கிலீஷ் மொழிபெயர்ப்பில் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை வாசிப்பார் என்று குழுவின் கடிதத்தில் இருந்தது. அதனால்தான் எழுத உட்கார்ந்தேன். வருகையின் வரலாறு இவ்வளவுதான். கேள்வி அவளுடையது, பதிலை என் விலாசத்துக்கு அனுப்பினால் போதும்.